அழைத்தவன் கடன்

மூவார் ஆறு மலாக்கா நீரிணையோடு கலக்கும் இடத்தருகே அமைந்த பழம்பெரும் நகரம் மூவார். பண்டார் மகாராணி என்னும் பெயரும் அதற்கு உண்டு. 2012ஆம் ஆண்டில் ஜொகூரின் அரச நகரம் என்னும் சிறப்பையும் அது பெற்றது. அந்நகரின் பழைய கடைத்தெருக்களில் பொழுது சாயும் வேளையில் நடந்து செல்வோர் செவியில் ஓர் ஓசை விழும். நூற்றுக்கணக்கான குருவிகள் ஓரிடத்தில் கூடிக் கீச்சிடுவது போன்ற ஓசை அது. அண்ணாந்து நோக்கினால் மேல்தளத்துப் பலகணிகள் அடைக்கப்பட்ட ஒரு கடைவீடு தென்படும். சுவரின் உச்சியில் சதுரமாக ஒரு திறப்பு இருக்கும். அத்திறப்பின் விளிம்பில் கையகலமே உள்ள சிறு ஒலிபெருக்கிகள் பொருத்தப்பட்டிருக்கும். செவியில் விழுந்த ஓசை பிறப்பது அங்கேதான். குருவியின் குரலை என்றோ பதிவு செய்து, அதை இன்று காலை முதல் மாலை வரை திரும்பத் திரும்ப ஒலிக்கச் செய்திருக்கிறார்கள்.

அவ்வோசையை நம்பி வானத்திலிருந்து உண்மையான குருவிகள் இறங்குகின்றன. மலாய் மொழியில் பூரோங் வாலிட் என்றும், தமிழில் உழவாரக் குருவி இனத்தைச் சார்ந்தது என்றும் வழங்கும் பறவை அது. மரக்கிளையில் அமரும் கால் அதற்கு இல்லை. செங்குத்தான சுவரைப் பற்றித் தொங்க மட்டுமே இயலும். இருளில் 'கிளிக்' என்னும் ஒலியை எழுப்பி, அது சுவரில் பட்டுத் திரும்பும் எதிரொலியைக் கொண்டே வழியறியும் ஆற்றல் உடையது. தன் உமிழ்நீரை இழை இழையாகச் சுவரில் ஒட்டி உலர்த்திப் பல வாரங்கள் உழைத்துப் பிறைவடிவக் கூடொன்றைக் கட்டும். அக்கூட்டில் இரண்டு முட்டைகள் இட்டு அடைகாக்கும். அந்தக் கூட்டுக்குத்தான் சீனத்துச் சந்தையில் பெருவிலை கிடைக்கிறது. முன்பு நியா, கோமந்தோங் போன்ற போர்னியோக் குகைகளில் உயிரைப் பணயம் வைத்து ஏறி எடுத்த பொருளை, நகரத்து மாடியில் விளைவிக்கும் தொழில் இவ்வாறு தோன்றியது. 1997ஆம் ஆண்டில் தொடங்கிய ஆசியப் பொருளாதார நெருக்கடிக்குப் பிறகு, வாடகைக்கு ஆளின்றிக் கிடந்த கட்டடங்கள் பல குருவி வீடுகளாக மாறின.

இத்தொழிலால் ஒரு தெருவில் இரு வழக்காளிகள் உருவாகின்றனர். ஒருவர், தம் ஓய்வூதியச் சேமிப்பை எல்லாம் கொட்டி மாடியைக் குருவிக்கு ஏற்ப அமைத்தவர். ஒலி நின்றால் குருவி வாராது. குருவி வாராவிடில் முதல் மூழ்கும். மற்றவர், அடுத்த வீட்டில் குடியிருப்பவர். அவர் வீட்டில் நோயாளி இருக்கலாம். தேர்வுக்குப் படிக்கும் பிள்ளை இருக்கலாம். விடியல் தொடங்கி அந்தி வரை ஒரே கீச்சொலி தம் செவியில் ஊசியாய் இறங்குகிறது என்பது அவர் முறையீடு. இருவருக்கும் நடுவே சட்டம் வந்து நிற்கிறது. ஆனால் இவ்வழக்கில் மூன்றாவது தரப்பொன்றும் உண்டு. யார் பெயரால் அந்த ஒலி எழுப்பப்படுகிறதோ, யாரை நோக்கி அது எழுப்பப்படுகிறதோ அந்தப் பறவைதான் அது. மனிதர் மன்றத்தில் அதற்குப் பேச இடமில்லை. ஒலியைப் பற்றிய அறம் எது என்னும் வினா, இந்த மூவரையும் ஒருங்கே வைத்து எண்ணும்போதுதான் முழுமை பெறும்.

அளவுகோல் காட்டுவதும் காட்டாததும்

ஒலியைக் கட்டுப்படுத்த முனையும் சட்டம் முதலில் கையில் எடுப்பது அளவுகோலைத்தான். அது இயல்பே. அரசு ஆணையிட வேண்டுமாயின், எந்த எல்லையைத் தாண்டினால் குற்றம் என்பதை எண்ணால் கூறியாக வேண்டும். அந்த எண்ணுக்கு டெசிபல் என்று பெயர். பத்து டெசிபல் கூடினால் ஒலியின் ஆற்றல் பத்து மடங்காகிறது. மனிதச் செவிக்கு அது ஏறத்தாழ இருமடங்கு உரப்பாகத் தோன்றுகிறது. மலேசியாவின் 1974ஆம் ஆண்டுச் சுற்றுச்சூழல் தரச் சட்டம் ஒலி மாசையும் கருத்தில் கொண்டது. குருவி வீடுகளுக்கென 2010ஆம் ஆண்டில் மத்திய அரசு வழிகாட்டு நெறிகளை வெளியிட்டது. இந்தியாவில் 2000ஆம் ஆண்டில் வகுக்கப்பட்ட ஒலி மாசு விதிகள், குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55 டெசிபல் என்றும் இரவில் 45 டெசிபல் என்றும் வரம்பு கட்டின. மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றம் ஆகியவற்றைச் சுற்றி 100 மீட்டர் தொலைவை அமைதி மண்டலமாக்கவும் அவ்விதிகள் வழிவகுத்தன. அதே ஆண்டில், சென்னைக் குடியிருப்பொன்றைச் சார்ந்த வழக்கில், வழிபாட்டுக்காகவேயாயினும் ஒலிபெருக்கியால் பிறர் அமைதியைக் குலைக்க எவருக்கும் உரிமையில்லை என்னும் கருத்துப்பட இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

இவை யாவும் வேண்டுவனவே. கண்ணுக்கு இமை உண்டு. செவிக்கு இமை இல்லை. காணப் பிடிக்காததைக் கண்ணை மூடித் தவிர்க்கலாம். கேட்கப் பிடிக்காத ஒலியோ உறக்கத்திலும் உள்ளே புகும். ஆகவே எளியவனைக் காக்க ஒலிக்கு ஒரு வேலி வேண்டும் என்பதில் ஐயமில்லை.

ஆயினும் அளவுகோல் ஒலியின் உரப்பை மட்டுமே அறியும். ஒலியின் பொருளை அது அறியாது. நள்ளிரவில் தீப்பற்றிய வீட்டிலிருந்து எழும் கூக்குரல் எந்த வரம்பையும் மீறும், அது குற்றமாகாது. ஒருவன் காதோடு காதாகச் சொல்லும் கோள் எந்த வரம்பையும் எட்டாது. ஆனால் அது ஒரு குடும்பத்தையே அழிக்கும். மூவார்க் கடைத்தெருவின் ஒலிபெருக்கி விதித்த வரம்புக்குள் ஒலிக்கட்டும். அண்டை வீட்டார் அமைதி பெறுவர். அதிகாரி தம் கருவியைப் பெட்டியில் வைத்து மூடிவிட்டுச் செல்வார். குருவிக்குச் சொல்லப்பட்ட செய்தி மெய்யா பொய்யா என்னும் வினா மட்டும் அப்படியே நிற்கும்.

பறவைகள் சட்டம் இயற்றினால்

ஒரு கற்பனை இங்கே உதவும். ஆற்றங்கரை மரங்களில் ஒருநாள் பறவைகள் யாவும் மன்றம் கூடுவதாகக் கொள்ளலாம். பறவைகள் கூடி நாடு அமைப்பதாகக் கிரேக்க நாடகாசிரியர் அரிஸ்டோஃபனிசு கி.மு. 414ஆம் ஆண்டிலேயே மேடையேற்றியிருக்கிறார். ஆகவே இக்கற்பனை புதிதன்று. தம் குலத்தில் ஒலி எப்படி வழங்க வேண்டும் என்று அம்மன்றம் சட்டம் இயற்றுமாயின் அதில் என்ன விதிகள் இருக்கும்? இதற்கு வெறும் கற்பனையால் விடை காண வேண்டியதில்லை. பறவைகள் வாழும் முறையிலேயே அவ்விதிகள் எழுதப்படாமல் இருக்கின்றன.

முதல் விதி, பகிர்ந்து பாடுதல். ஒரு காட்டில் விடியற்பொழுதில் பலவகைப் பறவைகள் பாடுகின்றன. ஒவ்வோர் இனமும் தனக்கென ஒரு பொழுதையும் ஒரு சுருதியையும் கொண்டு பாடுவதால், ஒன்றன் குரல் மற்றொன்றின் குரலில் பெரிதும் மூழ்குவதில்லை என்று இயற்கை ஒலிகளை ஆராய்ந்தோர் கருதுகின்றனர். இந்த ஒழுங்கில் மனிதனின் இரைச்சல் புகும்போது பறவைகள் படும் பாடு அளக்கப்பட்டிருக்கிறது. நெதர்லாந்தின் லைடன் நகரில், இரைச்சல் மிகுந்த இடங்களில் வாழும் பட்டாணிக் குருவி இனத்துச் சிறு பறவைகள் தம் பாட்டின் சுருதியை உயர்த்திக்கொண்டன என்பது 2003ஆம் ஆண்டில் வெளியான ஆய்வு. இங்கிலாந்தின் ஷெஃபீல்டு நகரில், பகலில் இரைச்சல் மிகுந்த இடங்களில் வாழும் ராபின் பறவைகள் இரவில் பாடத் தலைப்பட்டன என்பது 2007ஆம் ஆண்டு ஆய்வு. 2020ஆம் ஆண்டில் பெருந்தொற்றுக் காலத்து ஊரடங்கால் சான் பிரான்சிஸ்கோ நகரம் அமைதியுற்றபோது, அங்குள்ள சிட்டுகள் குரலைத் தாழ்த்திப் பாடின. தாழ்த்திப் பாடியும் அக்குரல் முன்னிலும் ஏறத்தாழ இருமடங்கு தொலைவு சென்றது. இடம் கிடைத்தால் எவரும் கத்த வேண்டியதில்லை என்பதை அந்தச் சிட்டுகள் காட்டின.

இரண்டாம் விதி, எச்சரிக்கையில் மெய்ம்மை. பருந்து வருகிறது என்று ஒரு பறவை குரல் கொடுத்தால் சுற்றியுள்ள யாவும் நம்பிப் பதுங்கும். அந்த நம்பிக்கைதான் அவற்றின் உயிர்க்காப்பு. இவ்விதியை மீறும் திருடனும் பறவை உலகில் உண்டு. ஆப்பிரிக்காவின் கலகாரிப் பாலையில் வாழும் கரிச்சான் வகைப் பறவை அத்தகையது. பிற உயிர்கள் இரையைக் கவ்வியிருக்கும் வேளையில் அது பொய்யாக அபாயக் குரல் எழுப்பும். அவை இரையைப் போட்டுவிட்டு ஓடும். கரிச்சான் வந்து எடுத்துக்கொள்ளும். அதன் அன்றாட உணவில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு இவ்வாறு திருடிப் பெற்றது என ஆய்வாளர் கணக்கிட்டுள்ளனர். ஒரே பொய்க்குரலை மீண்டும் மீண்டும் எழுப்பினால் ஏமாந்தவை விழித்துக்கொள்ளும். எனவே அது வேறோர் உயிரின் அபாயக் குரலைப் போலி செய்து குரலை மாற்றும். அதே கரிச்சான் உண்மையான பகை வரும்போது உண்மையாகவே எச்சரிக்கிறது என்பதுதான் இதில் கருதத்தக்கது. மெய்யின் நிழலில் நின்றால்தான் பொய்க்குப் பிழைப்பு உண்டு. எல்லாக் குரலும் பொய்யாகிவிட்ட உலகில் கரிச்சானும் பட்டினிதான் கிடக்கும்.

மூன்றாம் விதி, அழைப்பவன் அங்கிருத்தல். 'வருக, இங்கே இடமுண்டு, நம்மவர் வாழ்கின்றனர்' என்று ஒரு கூட்டத்தின் ஒலி சொல்லுமானால், அவ்விடத்தில் அந்தக் கூட்டம் இருக்க வேண்டும். குகையிலிருந்து எழும் உழவாரக் குருவிகளின் ஆரவாரம் அத்தகைய மெய்யான அழைப்பு. அங்கே இனம் வாழ்வதனாலேயே அந்த ஒலி பிறக்கிறது. மூவார் மாடியின் ஒலிபெருக்கி மீறுவது இந்த மூன்றாம் விதியை. அங்கே குரல் உண்டு; குரலுக்குரியவர் இல்லை.

விரட்டும் ஒலியும் விளிக்கும் ஒலியும்

பறவையை நோக்கி மனிதன் ஒலி எழுப்புவது நேற்றுத் தோன்றிய பழக்கமன்று. தினைப்புனம் காத்த குறமகளிர் பரண்மீது நின்று கிளி ஓட்டினர். அதற்கெனக் குளிர், தட்டை, தழல் என்னும் கருவிகளைக் கையாண்டனர் என்று சங்க நூல்கள் கூறுகின்றன. வள்ளி ஆலோலம் பாடிக் கிளி கடிந்த கதையைத் தமிழ்க் குழந்தைகள் எல்லாம் அறிவர். அந்த ஒலியில் ஒளிவு மறைவு இல்லை. 'இது என் புனம், அப்பால் செல்' என்று மனிதன் மனிதக் குரலில் கூறினான். கிளி அதைக் கேட்டுப் பறந்தது. சற்று நேரத்தில் திரும்பியும் வந்தது. இருவருக்கும் தத்தம் நிலை தெரிந்திருந்தது.

மற்றொரு வழியும் அக்காலத்திலேயே இருந்தது. வேடன் ஒரு விலங்கையோ பறவையையோ பழக்கி வைத்து, அதைக் காட்டி அதன் இனத்தையே வலையில் வீழ்த்தினான். அவ்வாறு பழக்கிய உயிருக்குப் 'பார்வை' என்று பெயர். தன் இனத்தைக் கண்ட மகிழ்ச்சியில் வந்த உயிர் அந்த மகிழ்ச்சியாலேயே அகப்பட்டது. ஆலோலம் பகையை வெளிப்படையாகச் சொன்னது. பார்வையோ உறவின் உருவில் பகையை வைத்தது. கடைத்தெருவின் ஒலிப்பதிவை இவ்விரண்டில் எதனோடு சேர்ப்பது? தோற்றத்தில் அது பார்வையின் வழித்தோன்றல். கண்ணுக்குக் காட்டிய உருவத்துக்குப் பதிலாகச் செவிக்குக் குரல் காட்டப்படுகிறது; வேறுபாடு அவ்வளவே என்று சொல்லத் தோன்றும்.

குருவி வீட்டுக்காரர் இதை ஏற்கமாட்டார். அவர் தரப்பையும் கேட்பதே முறை. அவர் வலை விரிக்கவில்லை, கூண்டில் அடைக்கவில்லை. குருவி விடியலில் பறந்து சென்று காட்டிலும் வயலிலும் பூச்சி பிடித்து உண்டு, விரும்பினால் திரும்புகிறது, விரும்பாவிடில் திரும்பாது. ஈரமும் இருளும் தட்பமும் குகையைப் போலவே அமையுமாறு அவர் பொருள் செலவிட்டிருக்கிறார். ஆந்தையும் எலியும் புகாமல் காக்கிறார். முதல் நாளில் அந்த அழைப்பு பொய்யாயிருக்கலாம். பத்துக் குருவிகள் வந்து கூடு கட்டிவிட்டால், 'இங்கே நம்மவர் வாழ்கின்றனர்' என்ற செய்தி மெய்யாகிவிடுகிறதே! பின்னர் மெய்யாகும் ஒரு பொய்யைப் பொய் என்பது தகுமா?

இது எளிதில் தள்ளத்தக்க வாதமன்று. அமெரிக்காவின் மேய்ன் மாநிலக் கடலோரத் தீவுகளில் வேட்டையால் அழிந்துபோன கடற்பறவைகளை மீண்டும் குடியேற்ற, 1970களில் இயற்கையறிஞர் ஸ்டீஃபன் கிரெஸ் முயன்றார். மரத்தால் செய்த போலிப் பறவைகளைப் பாறைகளில் நிறுத்தினார். ஆலா இனப் பறவைகளுக்காக ஒலிப்பதிவுகளையும் முழங்கச் செய்தார். பறவைகள் ஏமாந்து வந்தன, வந்து நிலைத்தன, அழிந்த குடியிருப்புகள் உயிர்பெற்றன. அதுவும் பொய்க்குரல்தான். ஆனால் அதைக் குற்றம் என்று எந்த நெஞ்சமும் சொல்லாது. தீமை பயவாத சொல்லே வாய்மை என்று இலக்கணம் வகுத்த வள்ளுவர், சொல்லின் தன்மையை அதன் விளைவோடு சேர்த்தே எடை போட்டார். அந்தத் தராசில் மேய்ன் தீவின் பொய்க்குரல் வாய்மையின் பக்கமே சாயும்.

அப்படியாயின் குற்றமும் நேர்மையும் பிரியும் இடம் எது? அழைப்பு எழுப்பப்பட்ட முறையில் அதைத் தேடினால் கிடைக்காது. அழைப்புக்குப் பின் நடப்பதில்தான் அது இருக்கிறது. அழைக்கப்பட்டவர் வந்த பிறகு அழைத்தவர் என்ன செய்கிறார் என்பதே வினா. முட்டையிடுமுன் ஒரு கூட்டைப் பறித்து, குருவி மறுபடியும் உமிழ்நீர் வற்ற உழைக்கும்படி செய்பவர் உண்டு. குஞ்சு இறகு முளைத்துப் பறந்து சென்ற பின், வெறுமையாகிவிட்ட கூட்டை மட்டும் எடுப்பவரும் உண்டு. இருவர் மாடியிலும் ஒரே ஒலிப்பதிவுதான் ஒலிக்கிறது. இருவரின் டெசிபலும் ஒன்றே. ஆயினும் ஒருவர் வேடர், மற்றவர் விருந்தோம்புபவர்.

விருந்தும் வேலியும்

தமிழர் வாழ்வில் அழைப்பு என்பது விளையாட்டுச் சொல்லன்று. ஒருவரை 'வாருங்கள்' என்று சொன்ன கணத்தில் சொன்னவர் தலையில் ஒரு கடன் ஏறுகிறது. வந்தவரின் பசிக்கும் பாதுகாப்புக்கும் அவர் பொறுப்பாளி ஆகிறார். அழைத்தவர் முகக்குறிப்பு சற்றே மாறினாலும் விருந்தினர் மனம் சுருங்கிவிடும் என்பது வள்ளுவம் கற்பித்த நுட்பம். மனித விருந்தினருக்கு உரிய இந்தக் கடன், மனிதன் தன் மொழியை விட்டுப் பறவையின் மொழியிலேயே அழைக்கும்போது குறைந்துவிடுமா? கூடவே செய்யும். தன் மொழியில் அழைப்பவனை ஐயுற விருந்தினருக்கு வாய்ப்புண்டு. தன் தாயின் குரலில் வந்த அழைப்பை எந்தக் குருவி ஐயுறும்?

இக்கடன் குருவி வீட்டுக்காரரை மட்டும் பற்றியதன்று. சட்டத்தையும் அது பற்றும். 2010ஆம் ஆண்டில் சரவாக் மாநிலத்தின் மூக்காவில், கடைவீடுகளில் இயங்கிய குருவி வீடுகள்மீது அமலாக்க நடவடிக்கை எடுக்கப்பட்டது. அந்நடவடிக்கையில் முட்டைகள் உடைந்தன, பறக்கவியலாக் குஞ்சுகள் மடிந்தன என்று வந்த செய்திகள் பலரைக் கலங்கச் செய்தன. நகரத்தின் நலம் காக்க எடுத்த நடவடிக்கை என்று ஒரு தரப்பு கூறலாம். விதியை மீறிய கட்டடம் என்றும் கூறலாம். ஆனால் விதியை மீறியது குருவியன்று. மனிதனின் ஒலி அழைத்தது, அது வந்தது. மனிதனின் சட்டம் விரட்டியது. அதன் குஞ்சுகள் மடிந்தன. அழைத்தவனும் மனிதன், அழித்தவனும் மனிதன் என்றால், இருவரும் ஒரே குலத்தவர் என்றுதானே பறவைகளின் மன்றம் தீர்ப்பெழுதும்?

இதற்கு மாறான வழியும் உண்டு. 2008ஆம் ஆண்டில் பினாங்கின் ஜார்ஜ் டவுனும் மலாக்காவும் உலகப் பாரம்பரியத் தலங்களாக அறிவிக்கப்பட்டன. அதன் பின், ஜார்ஜ் டவுனின் பாரம்பரிய வட்டாரத்திலிருந்த குருவி வீடுகளை 2013ஆம் ஆண்டு இறுதிக்குள் படிப்படியாக அகற்றப் பினாங்கு மாநில அரசு காலக்கெடு விதித்தது. காலம் கொடுப்பது தொழில் செய்பவருக்குக் காட்டும் சலுகையாக மட்டும் நின்றுவிடக் கூடாது. கூட்டில் உள்ள குஞ்சு இறகு முளைத்துப் பறப்பதற்கும் அந்தக் காலம் வேண்டும். முதலில் ஒலியை நிறுத்துவது, பின்னர்ப் புதிய வரவு ஓயும்வரை பொறுப்பது, இறுதியில் வெறும் கூடுகளை அகற்றுவது என்னும் வரிசை எந்த நகராண்மைக் கழகத்துக்கும் இயலாத செயலன்று.

ஊர் கூடிக் காத்த மௌனம்

சட்டத்தின் கை எட்டாத இடத்திலும் ஒலிக்கு ஒழுங்கு உண்டு என்பதற்குத் தமிழகத்திலேயே சான்று இருக்கிறது. சிவகங்கை மாவட்டத்தில் திருப்பத்தூருக்கு அருகே வேட்டங்குடி, கொள்ளுகுடிப்பட்டி என்னும் சிற்றூர்கள் உள்ளன. அங்குள்ள கண்மாய்களுக்கு ஆண்டுதோறும் நீர்ப்பறவைகள் வந்து கூடு கட்டிக் குஞ்சு பொரிக்கின்றன. 1977ஆம் ஆண்டில் அவ்விடம் பறவைகள் புகலிடமாக அறிவிக்கப்பட்டது. அவ்வூர் மக்கள் பல பத்தாண்டுகளாகத் தீபாவளிக்கு வெடி வெடிப்பதில்லை. வெடியோசை கேட்டால் அடைகாக்கும் பறவை அஞ்சிக் கூட்டைவிட்டுப் பறந்துவிடும் என்பது அவர்கள் அறிந்த உண்மை. நாடெங்கும் வானம் அதிரும் அந்த நாளில், அவ்வூர்ப் பிள்ளைகள் வெடிச்சத்தமின்றிப் பண்டிகை கொண்டாடுகின்றனர். வனத்துறையினர் இனிப்பு வழங்கி அம்மக்களைப் பாராட்டுவது வழக்கம்.

வேடந்தாங்கல் மக்களோ இதற்கும் முன்பே வழிகாட்டினர். வெள்ளையர் தம் ஏரிப் பறவைகளைச் சுடுவது கண்டு பொறாமல், 1798ஆம் ஆண்டில் செங்கல்பட்டு ஆட்சியராயிருந்த லயனல் பிளேசிடம் முறையிட்டு, பறவைகளைக் காக்கும் உரிமையை எழுத்தில் பெற்றனர். பறவைகளின் எச்சம் கலந்த ஏரிநீர் தம் வயலுக்கு உரம் என்பதை அவர்கள் அறிந்திருந்தனர். தன்னலம் அதில் இல்லாமலில்லை. ஆயினும் அத்தன்னலம் பறவையை அழித்துப் பெறும் பயனாக இராமல், பறவை வாழ்ந்தால் மட்டுமே கிடைக்கும் பயனாக இருந்தது. மூவார்க் குருவி வீட்டுக்காரர் தம் தொழிலுக்கு முன்மாதிரி தேடுவாராயின் வேடந்தாங்கல் உழவரிடம் அதைக் காணலாம்.

கொள்ளுகுடிப்பட்டியின் மௌனத்தை எந்த அளவுகோலும் காவல் செய்யவில்லை. அங்கே ஒவ்வொரு வீடும் அடுத்த வீட்டின் பொருட்டன்று, மரத்தின் மேலிருக்கும் ஒரு கூட்டின் பொருட்டு அடங்கியிருக்கிறது. ஒரு பிள்ளை வெடியைக் கையிலெடுத்தால் அதிகாரி வரமாட்டார், பாட்டி வருவாள். சட்டம் சொல்ல முடியாத காரணத்தை அவள் சொல்லுவாள்: 'நம்மை நம்பி வந்திருக்கிறதப்பா.' ஒலிபற்றிய அறம் முழுவதும் அந்த ஒரு சொல்லில் அடங்கிவிடுகிறது.

இந்த அறம் மூவார்க் கடைத்தெருவுக்கும் பொருந்தும். ஒலிபெருக்கி வைத்திருப்பவர் இரு கடன்களுக்கு உட்பட்டவர். ஒன்று, அழையாமலே கேட்க நேர்ந்த அண்டை வீட்டாருக்குரிய கடன். அவர்களுக்குத் தேவையானது ஒலி குறைந்த இரவும், ஒலி ஓய்ந்த வேளையும். சட்டம் இதை ஓரளவு வாங்கித் தரும். மற்றொன்று, அழைத்ததனாலேயே வந்த குருவிக்குரிய கடன். அதற்குத் தேவையானது, குஞ்சு பறக்கும்வரை கை படாத கூடு. இதைச் சட்டம் முழுமையாக வாங்கித் தர இயலாது. அடைக்கப்பட்ட மாடியின் இருளில் எந்தக் கூடு எந்த நாளில் எடுக்கப்பட்டது என்பதைக் காணும் கண் எந்த அதிகாரிக்கும் இல்லை. அங்கே சாட்சி, எடுக்கும் கையே.

மனுநீதிச் சோழன் அரண்மனை வாயிலில் ஆராய்ச்சி மணி ஒன்றைக் கட்டித் தொங்கவிட்டான். கன்றை இழந்த பசு கொம்பால் அதை அசைத்தது. அந்த மணியோசை கேட்டு அரசன் தன் மகனையே தண்டித்தான் என்பது தமிழர் போற்றும் வரலாறு. வாயில்லா உயிர் நீதி கேட்க அங்கு ஓர் ஒலி இருந்தது. மூவார் மாடியில் தொங்கும் ஒலிபெருக்கி குருவியின் குரலையே கொண்டிருந்தும், குருவியின் முறையீட்டை அது ஒருநாளும் ஒலிப்பதில்லை. மனிதன் விரும்பிய ஒரு சொல்லை மட்டுமே அது திரும்பத் திரும்பச் சொல்கிறது: 'வருக.' அந்தச் சொல்லை நம்பி அந்தி வானத்திலிருந்து ஒரு சிறு பறவை சதுரத் திறப்பினுள் நுழைகிறது. அது நுழைந்த கணத்திலிருந்து, அந்த வீட்டின் உரிமையாளர் அதற்குக் கடன்பட்டவர்.